ஆறு அங்குல பிஸ்டலை எடைபோடுவது எப்படி?

சிறிய கைத்துப்பாக்கிகளை மதிப்பிட்டு எழுதுவது அமெரிக்காவில் சோறு போடும் தொழில். துப்பாக்கிப் பத்திரிகைகள் மாதம் தவறாமல் ஒரு புது பிஸ்டலை அட்டையில் போட்டு, உள்ளே அதை அக்கக்காகக் கழற்றிப் பரப்பி வைக்கின்றன. சினிமாவுக்கும் செல்போனுக்கும் பிரியாணிக் கடைக்கும் விமர்சனம் எழுதிக் கை சலித்தவர்கள் இந்தப் பக்கமும் வரலாம். பெரிய படிப்பு ஒன்றும் வேண்டாம். கீழே சொல்லியிருக்கும் படிகளை வரிசை பிசகாமல் கடைப்பிடித்தால் போதும்.

ஒரே ஒரு நிபந்தனை. "இது எதற்கு?" என்று மட்டும் கேட்டுவிடக் கூடாது. மிக்ஸியை மதிப்பிடுகிறவர் சட்னி அரைத்துப் பார்க்கிறார். பிஸ்டலை மதிப்பிடுகிறவர் காகிதத்தைச் சுட்டுப் பார்த்துவிட்டுக் காதடைப்பானைக் கழற்றிவிட வேண்டும். அதற்கு மேல் போவது தொழில் தர்மம் ஆகாது.

1. ஸ்கேலோடு தொடங்குங்கள்

பள்ளிப் பிள்ளைகளின் ஜாமெட்ரி பாக்ஸில் இருக்கும் 15 சென்டிமீட்டர் ஸ்கேல் போதும். ஆறு அங்குலத்துக்கு அரை மயிரிழை குறைவு. இந்தத் துறையின் வரலாறு முழுவதும் அந்த ஸ்கேலுக்குள் அடங்கிவிடும்.

முதலில் வம்சாவளியைச் சொல்லுங்கள். ஆஸ்திரியாவில் காஸ்டன் க்ளாக் என்று ஒருவர். திரைச்சீலைக் கம்பியும் ராணுவத்துக்குக் கத்தியும் செய்துகொண்டிருந்தவர். அவர் பிளாஸ்டிக் உடம்போடு செய்த க்ளாக் 17 பிஸ்டலை 1982இல் ஆஸ்திரிய ராணுவம் ஏற்றுக்கொண்டது. அதில் பதினேழு தோட்டா. 1988இல் குழலில் 12 மில்லிமீட்டரையும், பிடியில் இரண்டு தோட்டாவையும் வெட்டிவிட்டு க்ளாக் 19 வந்தது. 'காம்பாக்ட்' என்று யார் சொன்னாலும் மனக்கண்ணில் வருவது அதுதான். உங்கள் கட்டுரையில் எந்த பிஸ்டலைப் பற்றி எழுதினாலும் மூன்றாவது பத்திக்குள் க்ளாக் 19ஐ ஒப்பிட்டுவிடுங்கள். ஒப்பிடாவிட்டால் நீங்கள் ஆளே இல்லை.

அடுத்த கட்டம் சுவையானது. 1994இல் அமெரிக்க நாடாளுமன்றம், புதிதாக விற்கும் மேகசீனில் பத்துத் தோட்டாவுக்கு மேல் கூடாது என்று சட்டம் போட்டது. பத்துதான் அனுமதி என்றால் பதினேழு கொள்ளும் உடம்பு எதற்கு என்று கம்பெனிகள் யோசித்தன. மறு ஆண்டே பத்துத் தோட்டா கொள்ளும் க்ளாக் 26 வந்தது. ஃப்ளோரிடா 1987இலேயே தகுதியுள்ள எவருக்கும் மறைத்து எடுத்துச்செல்லும் உரிமம் கொடுத்தாக வேண்டும் என்று சட்டம் செய்திருந்தது. மாநிலங்கள் ஒவ்வொன்றாக அதே வழியில் போய்க்கொண்டிருந்தன. ஒரு சட்டம் குறைக்கச் சொன்னது, இன்னொன்று மறைக்கலாம் என்றது. இரண்டுக்கும் பிறந்த பிள்ளை சட்டைக்குள் சமர்த்தாக உட்கார்ந்துகொண்டது. 2004இல் பத்துத் தோட்டாச் சட்டம் காலாவதியான பிறகும் பிள்ளை வெளியே வரவில்லை. 2018இல் வந்த சிக் சாவர் பி365 பத்துத் தோட்டாவை 14.7 சென்டிமீட்டருக்குள் அடைத்தது. எடை அரைக் கிலோ.

2. அரசாங்க மார்க் ஷீட்டைப் பாருங்கள்

பிஸ்டலுக்கு மார்க் போடும் வேலையை அமெரிக்க அரசே செய்கிறது என்பது பலருக்குத் தெரியாது. 1968இல் மார்ட்டின் லூதர் கிங்கும் ராபர்ட் கென்னடியும் சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு ஒரு துப்பாக்கிச் சட்டம் வந்தது. வெளிநாட்டிலிருந்து வரும் துப்பாக்கி விளையாட்டுக்கு ஏற்றதாக இருக்க வேண்டும் என்றது அது. ஏற்றதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? 4590 என்ற எண்ணில் ஒரு படிவம் போட்டார்கள்.

பிஸ்டல் ஆறு அங்குலத்துக்குக் குறையாத நீளமும் நாலு அங்குலத்துக்குக் குறையாத உயரமும் இருந்தால்தான் பரீட்சை எழுதவே முடியும். பிறகு மார்க். எடையில் ஒரு அவுன்ஸுக்கு ஒன்று. 9 மில்லிமீட்டர் தோட்டா என்றால் 10, அதைவிடக் குட்டையான .380 என்றால் 3, இன்னும் பொடியான .25க்கு முட்டை. குறியைத் திருகித் திருத்திக்கொள்ள முடிந்தால் 10. கட்டைவிரல் சாய்த்துக்கொள்ளும் பிடிக்கு 5. விசையில் கோடு கீறியிருந்தால் 2. பாஸ் மார்க் 75. நம்மூர்ப் பள்ளியில் 35 எடுத்தால் போதும். அந்த வகையில் துப்பாக்கிக்குக் கொஞ்சம் கஷ்டம்தான்.

இந்தப் பரீட்சையில் தோற்ற மாணவர்களில் பெரிய இடத்துப் பிள்ளை ஜெர்மனியின் வால்தர் பிபிகே. 1931இலிருந்து உலகம் சுற்றியது, உயரத்தில் சில மில்லிமீட்டர் குறைவு என்று வாசலிலேயே நிறுத்தப்பட்டது. கம்பெனி அசரவில்லை. அண்ணன் மாடலான பிபியின் உடம்பை எடுத்து, அதன் மேல் பிபிகேயின் தலையை மாட்டி, பிபிகே/எஸ் என்று பெயர் வைத்து அனுப்பியது. சில மில்லிமீட்டர் உயரமும் ஐம்பது கிராமும் கூடியதில் பாஸ். க்ளாக் பிஸ்டல்கள் திருகு வைத்த குறியோடு கப்பலேறி வந்தன. இறங்கியதும் குறியைக் கழற்றிவிட்டுச் சாதாரணக் குறியை மாட்டி விற்றார்கள். க்ளாக் 19இன் விசையில் விரல் நுனியை நெருடும் கோடுகள் எதற்கு என்று வியந்து ஒரு பத்தி எழுத நினைத்தால் எழுதிக்கொள்ளுங்கள். அவை அந்த இரண்டு மார்க்குக்காகப் போட்டவை.

உள்நாட்டில் செய்த துப்பாக்கிக்கு இந்தப் பரீட்சை கிடையாது. ராபர்ட் கென்னடியைக் கொன்ற .22 ரிவால்வர் அமெரிக்காவிலேயே செய்தது. உள்நாட்டுக்குப் பரீட்சை இல்லை என்பதால்தான் .380 தோட்டா போடும் க்ளாக் 42ஐ 2014இல் ஜார்ஜியா மாநிலத்துத் தொழிற்சாலையிலேயே செய்து விற்றார்கள். பிபிகேயும் 1980களில் அமெரிக்கக் குடியுரிமை வாங்கிக்கொண்டது. பி365 நியூ ஹாம்ப்ஷயரில் பிறந்தது. ஆறு அங்குலத்துக்குச் சற்றே குறைவாக இருந்தும் எந்த வாசலிலும் நிற்கவில்லை.

3. கையில் பிடித்துப் பாருங்கள்

'எர்கோனாமிக்ஸ்' என்ற சொல்லை இங்கே இறக்குங்கள். பிடி உள்ளங்கையில் "அமைந்தது", "உட்கார்ந்தது", "கையின் நீட்சியாக ஆனது" என்று மூன்று நிலைகள் உண்டு. விளம்பரம் கொடுத்த கம்பெனிக்கு மூன்றாவது நிலை.

உண்மையில் நடப்பது வேறு. சிறிய பிஸ்டலில் மூன்று விரலுக்கு இடம் போதாது. சுண்டுவிரல் பிடிக்குக் கீழே அந்தரத்தில் தொங்கும். டீ கிளாஸ் பிடிக்கிற துரைமார் மாதிரி அதை நீட்டி வைத்துக்கொள்வதா மடக்கிக்கொள்வதா என்பது அவரவர் வளர்ப்பைப் பொறுத்தது.

பிபிகே என்றால் இன்னொரு பரிசும் உண்டு. ஒவ்வொரு முறை சுடும்போதும் மேலே இருக்கும் ஸ்லைடு பின்னால் பாய்ந்து திரும்பும். பிடியின் மேல்வளைவு குட்டையாக இருப்பதால், கொஞ்சம் சதைப்பிடிப்பான கையில் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே உள்ள மெல்லிய தோல் அதன் வழியில் புடைத்து நிற்கும். ஸ்லைடின் அடிவிளிம்புகள் இரண்டும் அந்தத் தோலில் இரண்டு இணைகோடுகளைக் கீறிவிட்டுப் போகும். முதலில் வெள்ளையாக, பிறகு சிவப்பாக. ஜியோமெட்ரி நோட்டில் போட்ட மாதிரி அவ்வளவு சுத்தமான கோடு. இதைக் கட்டுரையில் "உன்னதமான பழைய வடிவமைப்பின் குணாதிசயம்" என்று எழுதவும்.

4. விசையைப் பற்றி நான்கு பத்தி எழுதுங்கள்

ஒயின் குடிக்கிறவர்கள் நாக்கில் உருட்டிப் பேசுவதைக் கேட்டிருப்பீர்கள். துப்பாக்கி விமர்சகருக்கு விசை. முதலில் தளர்வாக வரும் தூரம் 'டேக்-அப்'. பிறகு விரல் முட்டி நிற்கும் இடம் 'வால்'. அதைத் தாண்டினால் 'பிரேக்'. விட்டதும் 'க்ளிக்' என்று திரும்புவது 'ரீசெட்'. இந்த நான்கையும் நான்கு பத்தியாக்கி, நடுவில் "கண்ணாடிக் குச்சி ஒடிவதுபோல" என்று ஒரு முறை எழுதிவிட வேண்டும். கண்ணாடிக் குச்சியை யாரும் ஒடித்துப் பார்த்ததில்லை என்பதால் மறுக்க முடியாது.

கொஞ்சம் எண்ணும் போடலாம். க்ளாக் விசையை இழுக்க சுமார் இரண்டரைக் கிலோ பலம் வேண்டும். பக்கவாட்டில் தனி சேஃப்டி கிடையாது. விசைக்குள்ளேயே நாக்கு மாதிரி ஒரு குட்டி விசை இருக்கிறது. விரல் அதை அழுத்தினால்தான் பெரியது நகரும். இந்த லேசான விசையோடு தன் போலீஸ்காரர்களை நடமாட விட நியூயார்க் போலீஸுக்கு மனம் வரவில்லை. இழுக்க ஐந்தரைக் கிலோ வேண்டிய ஸ்பிரிங்கைப் போடச் சொன்னார்கள். விமர்சகர்கள் அந்த ஸ்பிரிங்கைத் திட்டாத நாளில்லை. சுடுவதைக் கடினமாக்குகிறதாம்.

5. சுட்டுப் பாருங்கள்

இங்கே ப்ளஸ் டூ இயற்பியல் உதவும். 9 மில்லிமீட்டர் குண்டு சுமார் ஏழரை கிராம். வினாடிக்கு 350 மீட்டர் வேகத்தில் போகிறது. நியூட்டன் சொன்னபடி, குண்டு முன்னால் போகிற அதே உந்தத்தோடு துப்பாக்கி பின்னால் வர வேண்டும். துப்பாக்கியின் எடை பாதியானால் அது உங்கள் மணிக்கட்டை நோக்கி வரும் வேகம் இரண்டு மடங்கு. சட்டைக்குள் நாள் முழுவதும் வைத்துக்கொள்ள அரைக் கிலோ சுகம்; கையில் வெடிக்கும்போது ஒரு கிலோவே சுகம். சிறியதாக்கியதில் கிடைத்த ஒரே லாபம் மறைக்க முடிவது. குட்டைக் குழல், குறுகிய பிடி, அதிக உதைப்பு, முன் குறிக்கும் பின் குறிக்கும் நடுவே போதாத இடைவெளி எல்லாம் அதற்குக் கட்டும் வட்டி.

அதனால் இருபத்தைந்து கஜத்தில் சுடாதீர்கள். ஏழு கஜத்தில் சுட்டு, துளைகள் நெருக்கமாக விழுந்த காகிதத்தை மட்டும் படமெடுங்கள். மற்ற காகிதங்கள் காற்றில் பறந்துவிட்டன.

6. நம்பகத்தைச் சோதியுங்கள்

வழக்கமான முறை: பிஸ்டலைச் சேற்றில் புரட்டுவது, ஃப்ரீசரில் வைப்பது, லாரி ஏற்றுவது. கைப்பையில் லிப்ஸ்டிக்குக்குப் பக்கத்தில் கிடக்கப்போகும் பொருளுக்கு ஏன் இந்த ராணுவப் பயிற்சி என்று கேட்காதீர்கள். கைப்பை நூல் பிசிறும் பவுடரும் அடைத்தால் என்னாகும் என்ற சோதனை படத்தில் எடுபடாது.

வரலாற்றில் ஒரு நல்ல சோதனை நடந்திருக்கிறது. 1974 மார்ச் 20, இரவு எட்டு மணி வாக்கில், லண்டன் மால் சாலை. இளவரசி ஆனின் காரை ஒருவன் மறித்துக் கடத்தப் பார்த்தான். மெய்க்காவலர் ஜிம் பீட்டன் தன் வால்தர் பிபிகேயை எடுத்து ஒரு முறை சுட்டார், குறி தவறியது. அடுத்த முறை பிஸ்டல் சிக்கிக்கொண்டது. பீட்டன் மீது மூன்று குண்டுகள் பாய்ந்தன, பிழைத்துக்கொண்டார். அந்த வழியாகப் போன ரான் ரஸ்ஸல் என்ற முன்னாள் குத்துச்சண்டைக்காரர் காரை நிறுத்தி இறங்கிவந்து, கடத்த வந்தவன் தலையில் ஒரு குத்து விட்டார். அன்றைய இரவில் காப்பாற்ற வந்தவர்கள் பக்கம் சிக்காமல் வேலை செய்த கைக்கருவி அது ஒன்றுதான். உங்கள் ஒப்பீட்டு அட்டவணையில் அதற்கு ஒரு வரிசை ஒதுக்கலாம். எடை: கூடுதலாக எதுவும் இல்லை. உரிமம்: தேவையில்லை.

7. அழகுக்கும் மார்க் உண்டு

ஜேம்ஸ் பாண்டை விட்டுவிட்டுச் சிறிய பிஸ்டலைப் பற்றி எழுத முடியாது. பாண்ட் வைத்திருந்த .25 பெரெட்டா போதாது என்று ஜெஃப்ரி பூத்ராய்டு என்ற துப்பாக்கி ஆர்வலர் 1956இல் இயன் ஃப்ளெமிங்குக்குக் கடிதம் எழுதினார். 1958இல் வந்த 'டாக்டர் நோ' நாவலில் பாண்டுக்கு பிபிகே கிடைத்தது. இந்தத் துறையில் பலன் கொடுத்த வாசகர் கடிதம் அதுவாகத்தான் இருக்கும்.

அடுத்து நடந்ததை எந்த விமர்சகரும் விரும்பிச் சொல்வதில்லை. 'ஃப்ரம் ரஷ்யா வித் லவ்' விளம்பரப் படங்களுக்காக ஷான் கானரி போஸ் கொடுக்க வந்த அன்று பிபிகேயைக் கொண்டுவர மறந்துவிட்டார்கள். புகைப்படக்காரரிடம் வால்தர் கம்பெனியின் நீளக் குழல் ஏர் பிஸ்டல் ஒன்று இருந்தது. கானரி அதைக் கன்னத்தோரம் பிடித்து நின்றார். உலகத்துக்கே சிறிய பிஸ்டலின் கம்பீரத்தைக் காட்டிய படத்தில் இருப்பது, சிறு ஈயக் குண்டு சுடும் பெரிய காற்றுத் துப்பாக்கி. போஸ்டரில் கம்பீரமாகத் தெரிய ஆறு அங்குலம் போதாது போலும்.

பெண்களுக்கான பிஸ்டல் என்றால் அமெரிக்கக் கடையில் ரோஜா நிறத்தைக் காட்டுவார்கள். நாமும் சளைத்தவர்கள் இல்லை. 2014இல் கான்பூர் அரசுத் தொழிற்சாலை 'நிர்பீக்' என்ற .32 ரிவால்வரை இந்தியப் பெண்களுக்கென்று வெளியிட்டது. எடை சுமார் அரைக் கிலோ. விலை ஒரு லட்சத்து இருபதாயிரம் ரூபாய்க்கு மேல். நகைப்பெட்டி மாதிரி ஓர் அரக்கு நிறப் பெட்டியில் வைத்துக் கொடுத்தார்கள். நம் சட்டப்படி 9 மில்லிமீட்டர் பொதுமக்களுக்குத் தடை; .32க்கே உரிமம் வாங்க ஜாதகம் முழுவதையும் காட்ட வேண்டும். ஆகவே இந்திய விமர்சகர் பெட்டியின் பளபளப்போடு நிறுத்திக்கொள்ளலாம்.

8. ஏற்கனவே பயன்படுத்தியவர்களின் அனுபவத்தைப் பாருங்கள்

எந்தப் பொருளுக்கும் இது முக்கியம். சிறிய பிஸ்டலுக்குப் பெயர் பெற்ற பயனாளர்கள் உண்டு.

1865 ஏப்ரல் 14, வாஷிங்டன், ஃபோர்டு நாடகக் கொட்டகை. ஹென்றி டெரிஞ்சர் செய்த கைத்துப்பாக்கி. நீளம் சுமார் 15 சென்டிமீட்டர். கொள்ளளவு ஒரே ஒரு குண்டு. விமர்சகர்கள் இதைப் பெரிய குறையாகச் சொல்வார்கள். ஜான் வில்க்ஸ் பூத்துக்கு ஆபிரகாம் லிங்கனைக் கொல்ல அது போதுமாக இருந்தது.

1914 ஜூன் 28, சராயேவோ. பெல்ஜியத்து எஃப்என் 1910 மாடல். வடிவமைத்தவர் ஜான் பிரவுனிங். நீளம் 15 சென்டிமீட்டரும் சொச்சமும். உடையில் சிக்காமலிருக்க வெளியே எதுவும் துருத்தாத வழவழப்பான உடம்பு. பாராட்டப்பட வேண்டிய வேலைப்பாடு. காவ்ரிலோ பிரின்சிப் ஆஸ்திரிய இளவரசரையும் அவர் மனைவியையும் சுட்டான். ஒரு மாதத்தில் முதல் உலகப்போர்.

1948 ஜனவரி 30, டெல்லி, பிர்லா மாளிகை. இத்தாலிய ராணுவத்துக்காகச் செய்த பெரெட்டா 1934 மாடல். நீளம் மறுபடி 15 சென்டிமீட்டர். மேகசீனில் ஏழு தோட்டா. குவாலியரில் வாங்கியது. நாதுராம் கோட்சே மூன்று முறை சுட்டான். மூன்று முறையும் சிக்காமல் சுட்டது.

பின்னால் சொன்ன இரண்டும் .380 தோட்டா. அரசுப் படிவத்தில் 3 மார்க் வாங்கும் தோட்டா. "வலு போதாது" என்று இன்றைய விமர்சகர்கள் ஒதுக்கும் அதே தோட்டா. ஏழு கஜத்தில் துளைகள் எவ்வளவு நெருக்கமாக விழுந்தன என்று இந்த மூவரில் யாருக்கும் கவலை இருந்திருக்காது. மறைத்துக்கொண்டு கிட்டே போக முடிந்தது. இந்த வடிவமைப்பு கொடுக்கும் வாக்குறுதியே அதுதான்.

9. பாதுகாப்பு அம்சங்களைக் கடைசியில் வையுங்கள்

கடைசியில் வைத்தால்தான் பக்கம் போதவில்லை என்று வெட்டிவிட முடியும்.

அமெரிக்காவில் பொம்மைத் துப்பாக்கியின் முனை ஆரஞ்சு நிறத்தில் இருக்க வேண்டும் என்று 1988இல் சட்டம் வந்தது. பொம்மை, தொட்டில், டோஸ்டர் எதில் குறை இருந்தாலும் நுகர்வோர் பொருள் பாதுகாப்பு ஆணையம் தலையிட்டுத் திரும்பப் பெற வைக்கலாம். நிஜத் துப்பாக்கி அந்த ஆணையத்தின் எல்லைக்கு வெளியே. 2017 ஜனவரியில் அமெரிக்க ராணுவம் சிக் சாவர் பி320ஐத் தேர்ந்தெடுத்தது. அதே ஆகஸ்டில், கடைகளில் விற்ற மாடல் ஒரு குறிப்பிட்ட கோணத்தில் கீழே விழுந்தால் தானாக வெடிக்கிறது என்று வெளியார் சோதனைகள் காட்டின. கம்பெனி தானே முன்வந்து விசைப் பாகங்களை மாற்றித் தருவதாக அறிவித்தது. உத்தரவு போட ஆளில்லாத இடத்தில் தானே முன்வருவது ஒன்றே வழி.

2021இல் அமெரிக்காவில் துப்பாக்கியால் இறந்தவர்கள் 48,830 பேர். அவர்களில் 26,328 பேர் தற்கொலை செய்துகொண்டவர்கள். இந்த எண்களை எந்த பிஸ்டல் விமர்சனத்திலும் பார்க்க மாட்டீர்கள். ஒரு மாடலின் குறை என்று சொல்ல முடியாது பாருங்கள். எல்லா மாடலுக்கும் பொது. வெளியே இருக்கும் திருடனுக்காக வாங்கியது, வீட்டுக்குள் இருக்கிறவரின் ஒரு மோசமான ராத்திரிக்கு எட்டும் தூரத்தில் கிடக்கிறது. மறைத்து வைப்பதற்கென்றே செய்த பொருள் மேசை டிராயரிலும் தலையணைக்கு அடியிலும் நன்றாக மறைகிறது. தேடாமலே கண்டுபிடிக்கிறவர்கள் குழந்தைகள்.

10. நட்சத்திரம் போட்டு முடியுங்கள்

ஐந்துக்கு நாலரை. எப்போதும் நாலரை. குறைந்த அரைக்குக் காரணம் "பிடியின் சொரசொரப்பு இன்னும் கொஞ்சம் இருந்திருக்கலாம்" என்று எழுதவும். அடுத்த ஆண்டு கம்பெனி சொரசொரப்பைக் கூட்டிப் புது மாடல் விடும். உங்களுக்கு இன்னொரு கட்டுரை.

விமர்சகராகும் உத்தேசம் இல்லாமல், அந்த ஊரில் வாழ்ந்து உண்மையிலேயே ஒன்றை வாங்கப்போகும் வாசகர் யாராவது இதுவரை படித்திருந்தால், மேலே உள்ள பத்தில் எதையும் பின்பற்ற வேண்டாம். முதலில் ஒரு இரும்புப் பெட்டியும் நல்ல பூட்டும் வாங்குங்கள். தோட்டாவை வேறிடத்தில் பூட்டி வையுங்கள். வீட்டில் யாராவது மனம் உடைந்திருந்தால் துப்பாக்கியை வீட்டைவிட்டே அனுப்பிவிடுங்கள். இவ்வளவு பூட்டி வைத்தால் அவசரத்துக்கு எப்படி எடுப்பது என்று கேட்கத் தோன்றினால், பெட்டியை மட்டும் வைத்துக்கொண்டு துப்பாக்கியை வாங்காமல் விடுங்கள்.